கதையில் ஈர்ப்பு இயந்திரம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அறிபுனை எழுதுகிறவர்களும் விளையாட்டுகளுக்கு உலகம் கட்டுகிறவர்களும் எப்படியும் ஒருநாள் ஈர்ப்பைக் கூட்டிக் குறைக்கும் இயந்திரத்திடம் வந்து நிற்கிறார்கள். அப்போது அவர்களுக்கு எழும் சந்தேகங்கள் பெரும்பாலும் ஒன்றேதான். அவற்றைக் கேட்டவர்களின் வார்த்தைகளிலேயே, எளியதில் தொடங்கித் தொகுத்திருக்கிறோம்.

பேச வசதியாக ஒரு கற்பனை இயந்திரத்தை எடுத்துக்கொள்வோம். பெயர் எடைத்தட்டு. தரையில் பதித்த, 4 மீட்டர் விட்டமுள்ள வட்டத் தட்டு. அதன் மேலே 3 மீட்டர் உயரம் வரை உள்ள உருளை வடிவ வெளிக்குள் ஈர்ப்பைப் பூஜ்யத்திலிருந்து 2 ஜி வரை எந்த அளவிலும் வைக்கலாம். 1 ஜி என்பது பூமித் தரையில் நாம் உணரும் அளவு. விழும் பொருளின் வேகம் ஒவ்வொரு நொடியும் நொடிக்கு 9.8 மீட்டர் கூடும். தட்டு வேலை செய்கிறது என்பது மட்டும்தான் கற்பனை. கீழே வரும் கணக்கெல்லாம் நிஜ இயற்பியல். பொய் ஒன்றே ஒன்றாக இருந்து, சுற்றியிருப்பது அனைத்தும் உண்மையாக இருந்தால்தான் வாசகர் இயந்திரத்தை நம்புவார்.

1. எடை குறைஞ்சா நிறையும் குறையும்தானே? ரெண்டும் ஒண்ணுதானே?

இல்லை. நிறை என்பது ஒரு பொருளில் எவ்வளவு பருப்பொருள் இருக்கிறது என்பது. எடை என்பது அந்த நிறையை ஈர்ப்பு இழுக்கும் விசை. 60 கிலோ நிறையுள்ள ஒருவர் நிலவிலும் 60 கிலோ நிறைதான். ஆனால் அங்கே ஈர்ப்பு பூமியில் ஆறில் ஒரு பங்கு என்பதால், இங்கே பார்த்த சுருள் தராசு அங்கே 10 கிலோ என்று காட்டும்.

எடைத்தட்டு எடையை மட்டுமே மாற்றுகிறது. இதை முதலிலேயே மனதில் பதித்துக்கொள்ளுங்கள். கையெழுத்துப் பிரதிகளில் வரும் தவறுகளில் பாதி இந்த இரண்டும் குழம்புவதால் வருபவை. 11ஆம் கேள்வியில் இதன் விளைவைப் பார்க்கலாம்.

2. விண்வெளியில ஈர்ப்பே கிடையாதே, அதே மாதிரி இருக்கும்னு எழுதிட்டா போதாதா?

பன்னாட்டு விண்வெளி நிலையம் ஏறத்தாழ 400 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றுகிறது. அங்கே பூமியின் ஈர்ப்பு தரையில் இருப்பதில் 89 சதவீதம் அளவுக்கு இருக்கிறது. உள்ளே இருப்பவர்கள் மிதப்பதற்குக் காரணம், நிலையமும் அவர்களும் சேர்ந்து ஓயாமல் விழுந்துகொண்டிருப்பது. பக்கவாட்டு வேகம் நொடிக்கு 7.7 கிலோமீட்டர் என்பதால் விழுந்தும் தரையைத் தொடுவதில்லை. ஜெர்மனியின் பிரேமன் நகரில் உள்ள 146 மீட்டர் கோபுரத்துக்குள் பெட்டியை விழவிட்டும் 4.74 நொடி எடையின்மையை உண்டாக்குகிறார்கள். அங்கேயும் ஈர்ப்பு எங்கும் போய்விடவில்லை.

உள்ளே மிதப்பவரின் அனுபவம் மட்டும் வேண்டுமென்றால் விண்வெளி வீரர்களின் வாழ்க்கை நல்ல மாதிரிதான். ஆனால் எடைத்தட்டில் வெளியே 1 ஜி, உள்ளே பூஜ்யம் என்ற எல்லை ஒன்று இருக்கிறது. விண்வெளி நிலையத்தில் அப்படி எல்லையே கிடையாது. இந்த இயந்திரத்தின் பிரச்சினைகள் எல்லாம் அந்த எல்லையில்தான் பிறக்கின்றன.

3. ‘புவியீர்ப்பு’னு எழுதணுமா, ‘ஈர்ப்பு’னு எழுதணுமா?

உங்கள் உலகம் பூமி இல்லையென்றால் ‘புவியீர்ப்பு’ கூடாது. அந்த ஒரு சொல் வாசகரைப் பூமிக்கு இழுத்துவந்துவிடும். ‘ஈர்ப்பு’ போதும்.

அந்த உலகத்தின் 1 ஜி எவ்வளவு என்பதையும் முன்பே முடிவு செய்யுங்கள். சராசரி அடர்த்தி பூமியைப் போலவே இருந்து ஆரம் பாதியானால், தரையில் ஈர்ப்பும் பாதிதான்.

4. நிஜத்துல இதை ஏன் யாராலும் செய்ய முடியல? மின்சாரத்தை மறைக்க முடியுது, இதை மறைக்க முடியாதா?

மின்னூட்டத்தில் நேர், எதிர் என இரு வகை உண்டு. உலோகக் கூண்டுக்குள் மின்புலம் நுழையாததற்குக் காரணம், கூண்டில் உள்ள இரு வகை மின்னூட்டங்களும் இடம் மாறி வெளிப்புலத்தைச் சமன் செய்துவிடுவது. ஈர்ப்பில் அப்படி இல்லை. இதுவரை கண்ட எல்லா நிறையும் ஒரே வகை. இழுக்க மட்டுமே தெரியும். சமன் செய்ய எதிர்நிறை இல்லாததால் தடுப்புத் தகடும் இல்லை.

எதிர்ப்பருப்பொருள் (சாதாரணப் பொருளைப் போன்றே, ஆனால் எதிர் மின்னூட்டத் துகள்களால் ஆனது) மேல்நோக்கி விழுமோ என்ற நம்பிக்கை நீண்ட காலம் இருந்தது. ஐரோப்பியத் துகள் இயற்பியல் ஆய்வகமான செர்னின் ஆல்ஃபா குழு 2023இல் எதிர் ஹைட்ரஜன் அணுக்களை விழவிட்டுப் பார்த்தது. அவையும் கீழேதான் விழுந்தன. சுழலும் மீக்கடத்தி (மின்தடையே இல்லாத பொருள்) வட்டுக்கு மேலே எடை சற்றுக் குறைவதாக 1992இல் ஒரு கூற்று வெளியானது. மற்றவர்கள் செய்து பார்த்தபோது உறுதிப்படவில்லை. கதையில் ‘எதிர்ப்பருப்பொருள் எரிபொருள்’ என்று எழுதுங்கள், தவறில்லை. ‘எதிர்ப்பருப்பொருள் என்பதால் மேலே போகிறது’ என்று மட்டும் எழுதாதீர்கள்.

ஈர்ப்பைத் தொடாமலே மிதக்கவைக்கும் வழி ஒன்று நிஜத்தில் உண்டு. 1997இல் நெதர்லாந்தின் நைமேகன் நகர ஆய்வகத்தில் ஏறத்தாழ 16 டெஸ்லா காந்தப்புலத்தில் உயிருள்ள தவளையை மிதக்கவிட்டார்கள். உடலில் உள்ள நீரைக் காந்தப்புலம் லேசாக விலக்குகிறது. அந்த விசை உடலின் ஒவ்வொரு துளியிலும் தனித்தனியே செயல்படுவதால் தவளைக்கு எடையின்மை போன்ற நிலை கிடைக்கிறது. உங்கள் இயந்திரத்துக்கு உருவம் தேடுகிறீர்கள் என்றால் அந்தக் காந்தத்தைப் பாருங்கள்: தடித்த சுருள், நடுவில் சில சென்டிமீட்டர் அகலத் துளை, சுற்றிலும் குளிர்விக்கும் நீர்க்குழாய்கள், மெகாவாட் கணக்கில் மின்சாரம்.

5. மறைக்க முடியலன்னா, கனமான ஒரு உருண்டையை அடியில வெச்சு ஈர்ப்பை உண்டாக்கினா என்ன?

கணக்குப் போட்டால் உடனே தெரிந்துவிடும். 1 மீட்டர் தூரத்தில் 1 ஜி வேண்டுமென்றால் ஏறத்தாழ 14.7 கோடி டன் நிறை தேவை. இயற்கையில் கிடைக்கும் தனிமங்களில் மிக அடர்ந்தது ஆஸ்மியம். அதில் செய்தாலும் உருண்டையின் ஆரம் 116 மீட்டர் ஆகிவிடும். 1 மீட்டர் தூரத்தில் நிற்க இடமே இருக்காது.

சரி, கருந்துளையாகச் சுருக்கிவிடலாம் என்பார்கள். அப்போது அதன் ஆரம் ஒரு புரோட்டானைவிடச் சிறியது. ஹாக்கிங் 1974இல் முன்வைத்த கணக்குப்படி அவ்வளவு சிறிய கருந்துளை பல ஜிகாவாட் கதிர்வீச்சை உமிழும். அதையும் தாண்டினால் இன்னொரு சிக்கல்: பாதத்தில் 1 ஜி, 1.7 மீட்டர் உயரத்தில் தலையில் 0.14 ஜி. மேல் அலமாரியில் வைத்த பொருள் கிட்டத்தட்ட மிதக்கும், தரையில் வைத்தது கனக்கும். இதைக் குறையாகப் பார்க்க வேண்டாம். துணிந்து எழுதினால் அருமையான அறை ஒன்று கிடைக்கும். இதை விண்கப்பலில் வைத்தால் கப்பலின் நிறை 14.7 கோடி டன் என்பதை மட்டும் மறந்துவிடாதீர்கள். அதை நகர்த்தவும் நிறுத்தவும் ஆகும் எரிபொருளையும் நீங்கள்தான் கொடுக்க வேண்டும்.

6. தூக்குறதுக்கு எவ்வளவு கரண்ட் ஆகும்? அணு உலை வேணுமா?

நினைப்பதைவிட மிகக் குறைவு. ஒரு டன் பொருளை 10 மீட்டர் தூக்க 98,000 ஜூல். வீட்டு மின்சார அளவில் சொன்னால் 0.027 யூனிட். 100 கிலோமீட்டர் உயரத்துக்குத் தூக்கினாலும் 270 யூனிட்டை ஒட்டித்தான் வரும்.

ஆக, ‘நகரத்தின் மின்சாரம் முழுவதையும் உறிஞ்சியது’ என்று எழுத ஆசையென்றால் தூக்குதலைக் காரணம் காட்ட முடியாது. தட்டின் இழப்பு, குளிரூட்டல், 9ஆம் கேள்வியில் வரும் காற்று ஆகியவற்றில்தான் காரணத்தைத் தேட வேண்டும்.

7. தட்டோட ஓரத்துல ஒரு சக்கரத்தைப் பாதி உள்ளே பாதி வெளியே வெச்சா, அது சும்மாவே சுத்திக்கிட்டே இருக்குமே?

இந்தப் பக்கத்திலேயே மிக முக்கியமான கேள்வி இதுதான். ஆமாம், சுற்றும். வெளிப்பாதி கனத்துக் கீழே இறங்கும். உட்பாதி எடையில்லாமல் மேலே ஏறும். 2 மீட்டர் விட்டமும் 100 கிலோ விளிம்பும் உள்ள சக்கரம் என்றால் ஒரு சுற்றுக்கு 1960 ஜூல். நொடிக்கு ஒரு சுற்று சுற்றினால் ஏறத்தாழ 2 கிலோவாட். அதற்கு யாரும் எதுவும் கொடுக்கவில்லையென்றால் உங்கள் உலகத்தில் ஆற்றல் சும்மா கிடைக்கிறது. பிறகு அங்கே யாரும் நிலக்கரி தோண்ட வேண்டியதில்லை, எண்ணெய்க்குப் போரிட வேண்டியதில்லை. கதையின் மற்ற எல்லாக் காரணங்களும் சரிந்துவிடும்.

தப்பிக்க இரண்டு வழிகள் உண்டு. முதலாவதை ‘விளிம்பு விதி’ என்போம்: உள்ளே ஈர்ப்பு இல்லாததால் மிச்சமாகும் ஆற்றலை, எல்லையைக் கடக்கும்போது பொருள் ஈடுகட்டியாக வேண்டும். எல்லையே ஒரு விசையைச் செலுத்தும். சக்கரம் வெளியே இறங்கும்போது பெறும் ஆற்றலை, எல்லையைத் தாண்டும்போது அப்படியே இழந்துவிடும், சுற்றாது. இரண்டாவது ‘மீட்டர் விதி’: எல்லையில் ஒன்றும் தெரியாது, ஆனால் சக்கரம் எடுக்கும் ஒவ்வொரு ஜூலும் இயந்திரத்தின் மின் இணைப்பிலிருந்து போகும். சக்கரம் சுற்றச் சுற்ற மீட்டர் ஓடும். இணைப்பைப் பிடுங்கினால் நின்றுவிடும்.

எது வேண்டுமானாலும் சரி. ஆனால் ஒன்றைத் தேர்ந்தெடுத்து, கதை முடியும்வரை அதிலேயே நில்லுங்கள்.

8. விளிம்பு விதின்னா, உள்ளே நடந்து போறவருக்கு என்ன தெரியும்?

தரைமட்டத்தில் ஒன்றும் தெரியாது. உயரம் கூடக்கூட விசை கூடும். தரையிலிருந்து 2 மீட்டர் உயரத்தில் உள்ள பொருளுக்கு ஒரு கிலோவுக்கு 19.6 ஜூல் வித்தியாசம் இருக்கிறது. அது எல்லையைத் தாண்டும்போது அந்த ஆற்றல் உள்நோக்கிய வேகமாக மாறி, நொடிக்கு 6.3 மீட்டரில் உள்ளே பாயும். 2 மீட்டர் சுவரிலிருந்து குதித்தால் வரும் அதே வேகம்தான், திசை மட்டும் பக்கவாட்டில்.

எல்லையின் தடிமன் அரை மீட்டர் என்று வையுங்கள். நடந்து வருபவரின் பாதத்தை எதுவும் இழுக்காது. தலையை மூன்று ஜிக்கும் மேலான விசை உள்ளே இழுக்கும். தலைகுப்புறப் பாய்வார். வெளியே வரும்போது இதற்கு நேர்மாறு: நின்றபடி வர முடியாது, தரையோடு தரையாக ஊர்ந்தால் எளிதில் வந்துவிடலாம். எல்லையை 5 மீட்டர் அகலத்துக்குப் பரப்பினால் தலைக்கு மூன்றில் ஒரு ஜி அளவுதான் இழுப்பு. சரிவில் இறங்குவதுபோல இருக்கும். ஆகவே இந்த விதியை எடுப்பவர்கள் வாசலைத் தாழ்வாக வைக்க வேண்டும், அல்லது நீண்ட நடைபாதை கட்ட வேண்டும். அந்த உலகத்தின் கட்டடக்கலையே இதிலிருந்து முளைக்கும்.

உருளையின் உச்சியிலும் இதே கதைதான். மிதந்து மேலே போகும் பொருள் 3 மீட்டரில் கண்ணுக்குத் தெரியாத கூரையில் பட்டதுபோலத் திரும்பிவிடும். நொடிக்கு 7.7 மீட்டரைவிட வேகமாகப் போனால் மட்டுமே வெளியேறும்.

9. உள்ளே இருக்கிற காத்து என்ன ஆகும்?

காற்றுக்கும் எடை உண்டு என்பதை எழுத்தாளர்கள் எளிதில் மறந்துவிடுகிறார்கள். ஒரு கனமீட்டர் காற்றின் நிறை 1.2 கிலோ. 3 மீட்டர் உயரத்துக்கு அடிக்கும் உச்சிக்கும் உள்ள அழுத்த வித்தியாசம் 35 பாஸ்கல், அதாவது ஒரு சதுர மீட்டருக்கு மூன்றரை கிலோ எடை. அற்பமாகத் தெரியும். ஆனால் மீட்டர் விதியில், உள்ளே எடையற்ற காற்றுக்கு அந்த வித்தியாசம் இல்லை. எனவே வெளிக்காற்று அடிப்பக்கமாக உள்ளே தள்ளி மேலே பீறிடும். விளிம்பின் அடியில் வேகம் நொடிக்கு 7.7 மீட்டர் வரை, அதாவது மணிக்கு 28 கிலோமீட்டர். காகிதங்கள் பறக்கும், தூசி உள்ளே வரும். தட்டு ஓடும்வரை இது நிற்காது. இதற்கு ஆகும் சக்தி அதிகபட்சம் 3.4 கிலோவாட், ஒரு நாள் முழுவதும் விட்டால் 80 யூனிட்டுக்கு மேல். 6ஆம் கேள்வியில் பார்த்த தூக்கும் செலவோடு ஒப்பிட்டால் காற்றுதான் பெரிய செலவாளி.

தீர்வு எளிது: சுற்றிலும் சுவர் வையுங்கள், மேலே திறந்திருக்கலாம். 2 மீட்டர் உயரமும் 1 மீட்டர் அகலமும் உள்ள கதவை வெளிக்காற்று உள்நோக்கித் தள்ளும் விசை ஐந்து கிலோ எடை அளவுக்குத்தான். சாதாரணத் தாழ்ப்பாள் போதும். ஆனால் கதவு வெளிப்பக்கம் திறப்பதாக இருக்கட்டும். அப்போது காற்றே அதை அழுத்தி மூடிவைக்கும்.

விளிம்பு விதியில் காற்று ஓடாது. தட்டைப் போட்டவுடன் சற்றே காற்று உள்ளே புகுந்து, உள்ளழுத்தம் தரைமட்ட அழுத்தத்துக்குச் சமமாகி அமைதியாகிவிடும்.

உருளைக்கு 3 மீட்டர் என்று உயர வரம்பு வைத்ததன் காரணமும் இதுதான். வளிமண்டலத்தின் உச்சிவரை ஈர்ப்பை நீக்கினால், ஒவ்வொரு சதுர மீட்டருக்கும் மேலே உள்ள பத்து டன் காற்று எடையிழக்கும். சுற்றியுள்ள காற்று அதை வானை நோக்கிப் பீய்ச்சிவிடும். மேல் எல்லை இல்லாத இயந்திரம் வேண்டாம்.

10. தட்டையே ஒரு கப்பலுக்கு அடியில பொருத்திட்டா கப்பல் பறக்குமா?

நியூட்டன் 1687இல் எழுதிய மூன்றாம் விதி இங்கே குறுக்கே நிற்கிறது. தட்டு ஒரு டன் சரக்கை மேல்நோக்கித் தாங்கினால், சரக்கு தட்டை அதே விசையில் கீழே அழுத்தும். தட்டுக்கு அடியில் தராசு வைத்தால், மேலே சரக்கு மிதந்துகொண்டிருக்கும்போதும் அந்த ஒரு டன் காட்டும். நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு நாற்காலியைத் தூக்க முடியாது; கப்பலும் அப்படித்தான்.

எதிர்விசை எங்கே போகிறது என்று நீங்கள் முடிவு செய்தால் வழி பிறக்கும். இயந்திரத்தின் மீது என்றால் தரையில் பதித்த மேடைகள் மட்டுமே சாத்தியம். நேர் கீழே உள்ள நிலத்தின் மீது என்றால் கப்பல் பறக்கும். ஆனால் 50 டன் கப்பல் 100 சதுர மீட்டரில் தன் எடையைப் பரப்பினால், சதுர மீட்டருக்கு 500 கிலோ வீதம் கீழே அழுத்திக்கொண்டே போகும். கூரைகளுக்கு மேல் பறக்கத் தடை, வயல்களில் அழுந்திய தடம், கப்பலுக்கென்று ஒதுக்கிய பாதைகள் என்று அந்த உலகத்தின் சட்டங்களை இதிலிருந்தே எழுதலாம். நாம் பரிந்துரைப்பது இதைத்தான்.

11. எடையே இல்லாத பெட்டியை ஒரு குழந்தைகூட ஒரே தள்ளுல தள்ளிடுமே?

நகர்த்தலாம், ஆனால் மெதுவாக. 1ஆம் கேள்வியில் சொன்னபடி நிறை அப்படியே இருக்கிறது. 20 டன் பெட்டியை 200 நியூட்டன் விசையில் (பெரியவர் ஒருவர் நன்றாக ஊன்றித் தள்ளும் அளவு) 10 நொடி தள்ளினால் கிடைப்பது நொடிக்கு 10 சென்டிமீட்டர் வேகம். நிறுத்தவும் அதே விசை, அதே 10 நொடி. இடையில் கை சிக்கினால் நசுங்கிவிடும். எடை இல்லை என்பதால் பெட்டி மெத்தென்று ஆகிவிடாது. எடைத்தட்டுச் சரக்குக் கூடங்களில் முதல் பாதுகாப்பு விதி ‘பெட்டிக்கும் சுவருக்கும் நடுவே நிற்காதே’ என்றுதான் இருக்கும்.

தள்ளுபவருக்கும் எடை இல்லையென்றால் காலை ஊன்ற முடியாது. தள்ளியதும் அவர்தான் பின்னே போவார். தரையில் கால் கொளுவிக்கொள்ளக் கம்பிகள் வேண்டும்.

நிலைமத்தையும் (வேகம் மாறுவதைப் பொருள் எதிர்க்கும் தன்மை) சேர்த்துக் குறைப்பதாகச் சொல்லலாமா என்றால், அது இரண்டாவது பொய் ஆகிவிடும். எல்லாப் பொருளும் ஈர்ப்பில் ஒரே மாதிரி விழுகின்றன என்பதை மைக்ரோஸ்கோப் செயற்கைக்கோள், 2022இல் வெளியான இறுதி முடிவுகளில், ஆயிரம் லட்சம் கோடியில் ஒரு பங்கு துல்லியம் வரை சோதித்துவிட்டது. ஈர்ப்பை உணரும் நிறையையும் நிலைமத்தையும் பிரிப்பது அவ்வளவு பெரிய மீறல்.

12. அப்போ ராக்கெட்டே வேணாமே, ஈர்ப்பை நிறுத்திட்டா சுற்றுப்பாதைக்குப் போயிடலாமே?

உயரம் கிடைக்கும், வேகம் கிடைக்காது. தாழ்ந்த சுற்றுப்பாதையில் நிலைக்க நொடிக்கு 7.8 கிலோமீட்டர் பக்கவாட்டு வேகம் வேண்டும். அதற்கு ஒரு கிலோவுக்கு ஏறத்தாழ 8.5 யூனிட் ஆற்றல். 400 கிலோமீட்டர் உயரத்துக்குத் தூக்குவதற்கோ ஒரு யூனிட்டைச் சற்றே தாண்டும். தட்டை நிறுத்திய கணமே கப்பல் நேராகக் கீழே விழும்.

13. பூஜ்யத்துல வெச்சா பொருள் வெச்ச இடத்திலேயே மிதக்குமா?

உலகம் சுழல்வதால் மிதக்காது. பூமத்தியரேகையில் தரை வளைந்து போய்க்கொண்டிருக்க, ஈர்ப்பில்லாத பொருள் நேர்கோட்டில் போகும். தரையில் நிற்பவருக்கு அது ஒவ்வொரு நொடியும் நொடிக்கு 0.034 மீட்டர் கூடும் வேகத்தில் மேலே நகர்வதாகத் தெரியும். தொடக்கத்தில் புலப்படாது, 13 நொடியில் 3 மீட்டர் ஏறி உச்சியைத் தொட்டுவிடும். துருவத்தில் இந்த நகர்வு இல்லை.

அசையாமல் நிற்கவேண்டுமென்றால் இயந்திரத்தைப் பூஜ்யத்தில் வைக்காமல் 0.0035 ஜியில் வைக்க வேண்டும். இடத்துக்கு இடம் இந்த எண் மாறும். தட்டை வேறு ஊருக்குக் கொண்டுபோனவர் அளவைத் திருத்த மறப்பது நல்லதொரு விபத்துக் காட்சி.

14. குறைந்த ஈர்ப்புல மனுஷங்க, நெருப்பு, தண்ணி எல்லாம் எப்படி இருக்கும்?

நடையில் தொடங்குங்கள். கால் நீளம் 90 சென்டிமீட்டர் உள்ளவர் பூமியில் நொடிக்கு 2.1 மீட்டர் வேகத்தை ஒட்டி நடையிலிருந்து ஓட்டத்துக்கு மாறுவார். நிலவின் அளவு ஈர்ப்பில் 0.85 மீட்டரிலேயே நடை கலைந்து துள்ளல் வந்துவிடும். 0.2 ஜியில் தரைப்பிடிப்பும் ஐந்தில் ஒரு பங்குதான். அதே வேகத்தில் ஓடிவரும் வண்டி நிற்க ஐந்து மடங்கு தூரம் ஆகும்.

பூஜ்யத்தில் சூடான காற்று மேலே போகாது. மெழுகுவத்திச் சுடர் மங்கிய நீல உருண்டையாகிவிடும். காற்றோட்டத்தை நம்பிக் குளிரும் கருவிகள் சூடேறிப் பழுதாகும். தூங்குபவர் விடும் மூச்சு முகத்தருகிலேயே தேங்கும். விண்வெளி நிலையத்தில் விசிறிகள் ஓயாமல் ஓடுவது இதற்காகவும்தான். பாதி நிறைந்த தொட்டியில் நீர் சுவரைப் பற்றிப் படரும், குழாய்க்குக் காற்றும் நீரும் கலந்து போய் பம்ப் திணறும். தட்டைப் போடுமுன் தொட்டிகளை நிரப்பு அல்லது காலியாக்கு, விசிறியைப் போடு, தளர்ந்த பொருளைக் கட்டு, பிறகு ஈர்ப்பை 20 நொடிக்குக் குறையாமல் படிப்படியாக இறக்கு: உங்கள் பணியாளர்கள் இந்த வரிசையை மனப்பாடமாகச் சொல்லட்டும்.

உடம்பு அதற்குப் பிறகு. முதல் நாட்களில் குமட்டலும் முகவீக்கமும் வரும். மாதக்கணக்கில் இருந்தால், எடை தாங்கும் எலும்புகள் மாதத்துக்கு 1 முதல் 1.5 சதவீதம் அடர்த்தி இழக்கும். நிலையத்தில் நாள்தோறும் இரண்டு மணி நேர உடற்பயிற்சி அதைத் தடுக்கத்தான். எதிர்ப்பக்கத்தில், நின்றபடி 4, 5 ஜியைத் தாங்கப் பயிற்சியில்லாதவருக்குப் பார்வை மங்கும்.

15. கரண்ட் போயிட்டா?

3 மீட்டர் உயரத்தில் இருப்பது 0.78 நொடியில் தரைக்கு வரும், மணிக்கு 28 கிலோமீட்டர் வேகத்தில். அதனால் ஆட்கள் வேலை செய்யும் தட்டில் 1 மீட்டருக்கு மேல் வலை கட்டுங்கள். அங்கிருந்து விழுந்தால் 16 கிலோமீட்டர் வேகம்தான்.

மின்சாரம் நின்றதும் பொருளை மெதுவாக இறக்க உதவும் சேமிப்புக் கலன் (மின்தேக்கிகள்) பெரிதாக இருக்கத் தேவையில்லை. மீட்டர் விதியில் பொருள் இறங்கும்போது ஆற்றல் இயந்திரத்துக்கே திரும்புகிறது. ஒரு டன் 3 மீட்டர் இறங்கினால் 29,400 ஜூல். இது மடிக்கணினி மின்கலத்தில் உள்ளதைவிடக் குறைவு. சிக்கல் அளவில் இல்லை, அந்த ஆற்றல் போய்ச்சேர இடம் இருக்கிறதா என்பதில்தான். மின்தேக்கிகள் நிரம்பியிருந்தால் திரும்பி வருவதை ஏற்க இடம் இருக்காது, தட்டு எரிந்துபோகும். மின்ரயில்களில் இருப்பதைப் போல, மிஞ்சிய ஆற்றலை வெப்பமாக்கும் தடைச் சுருளைப் பக்கத்தில் வையுங்கள். மின்தேக்கிகளையும் எப்போதும் பாதி நிரப்பியே வையுங்கள்.

16. விண்கப்பலுக்குள்ள நடக்கணும்னா தட்டுதான் ஒரே வழியா?

இல்லை, சுழற்சி போதும்; கற்பனையே தேவையில்லை. நிமிடத்துக்கு 2 சுற்று என்றால் 223 மீட்டர் ஆரத்தில் 1 ஜி. 1 சுற்று என்றால் 894 மீட்டர், 4 சுற்று என்றால் 56 மீட்டர். வேகமாகச் சுற்றும் சிறிய வளையத்தில் தலையைத் திருப்பினாலே கிறுகிறுக்கும், எறிந்த பந்து வளைந்து போகும். 1966 செப்டம்பரில் ஜெமினி 11 கலம் 30 மீட்டர் கயிற்றில் இன்னொரு கலத்தோடு கட்டிச் சுழன்று 0.00015 ஜியை உண்டாக்கியது.

17. உள்ளே ஒரு மணி நேரம், வெளியே பத்து வருஷம்னு எழுதலாமா? ஈர்ப்பு நேரத்தை மாத்தும்தானே?

மாற்றும், ஆனால் அதைத் தீர்மானிப்பது இழுப்பின் வலிமை அல்ல, ஈர்ப்புப் பள்ளத்தின் ஆழம். அதாவது உள்ளேயிருந்து வெளியேற ஒரு கிலோவுக்கு எவ்வளவு ஆற்றல் வேண்டும் என்பது. 2010இல் அமெரிக்க ஆய்வகம் ஒன்றில், இரண்டு அணுக்கடிகாரங்களில் ஒன்றை 33 சென்டிமீட்டர் உயர்த்தி வைத்து இந்த வித்தியாசத்தையே அளந்துவிட்டார்கள். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள், வேகத்தின் விளைவையும் சேர்த்து, நாளுக்கு 38 மைக்ரோநொடி முந்துகின்றன. திருத்தாமல் ஓட்ட முடியாது.

தட்டை 10 ஜி வரை உயர்த்தினாலும், உச்சிக்கும் அடிக்கும் ஓராண்டில் வரும் வித்தியாசம் நொடியில் கோடியில் ஒரு பங்குதான். மணி நேரம் வருடமாக வேண்டுமென்றால், எல்லையைத் தாண்ட ஒளிவேகத்தை நெருங்க வேண்டிய அளவுக்கு ஆழமான பள்ளம் தேவை. விளிம்பு விதியில் அப்படிப்பட்ட உருளைக்குள் தவறிப்போய் நுழைந்த தூசிகூடக் குண்டாக வெடிக்கும். நேரம் சார்ந்த கதை வேண்டுமென்றால் அதற்கு வேறொரு இயந்திரம் செய்யுங்கள்.

18. ரெண்டு தட்டை ஒண்ணு மேல ஒண்ணு வெச்சா?

ஈர்ப்புப் புலங்கள் கூடும். ஒவ்வொன்றும் 1 ஜியைக் கழித்தால், மிஞ்சுவது மேல்நோக்கிய 1 ஜி. உள்ளே இருப்பவை வானத்தை நோக்கி விழும். விளிம்பு விதியில் உச்சியின் ஈடு இரட்டிப்பாகி ஒரு கிலோவுக்கு 58.8 ஜூல் ஆகும். மேலே விழும் பொருள் வழியில் சேர்க்கும் 29.4 ஜூல் அதற்குப் போதாது. அது உச்சியில் நின்று அதிரும், வெளியே போகாது. மீட்டர் விதியில் தடையேதும் இல்லை: பொருள் நொடிக்கு 7.7 மீட்டர் வேகத்தில் உச்சியைக் கடந்து, இன்னும் 3 மீட்டர் எழும்பி, திரும்ப விழுந்து, மறுபடி மேலே எறியப்படும். மின் இணைப்பு இருக்கும்வரை இந்தப் பந்தாட்டம் நடக்கும். அதனால் இரண்டு தட்டுகளையும் ஒரே நேரத்தில் இயங்கவிடாத பூட்டு அவசியம். அந்தப் பூட்டின் சாவி யாரிடம் இருக்கிறது என்பதையும் முதல் அத்தியாயத்திலேயே காட்டிவிடுங்கள்.